நுங்கம்பாக்கத்தில் அகப்பட்ட கரிய கிரகம்!

கோரமங்கலா பக்கம் வேலைக்குப் போகும் நம்மவர்கள் பலர், இந்திய வானியற்பியல் நிறுவனத்தின் மதில் ஓரமாக நடந்திருப்பார்கள். உள்ளே என்ன நடக்கிறது என்று கேட்டால், "நட்சத்திரம் பார்க்கிற ஆபீஸ்" என்பார்கள். சரியான பதில்தான். ஆனால் அந்த ஆபீசின் பூர்வீகம் சென்னை என்பது பலருக்குத் தெரியாது.

1786ல் எழும்பூரில், கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி வில்லியம் பெட்ரி சொந்த முயற்சியில் ஒரு வான ஆராய்ச்சிக் கூடம் அமைத்தார். 1792ல் அது நுங்கம்பாக்கத்தில் புதுக் கட்டடத்துக்கு மாறியது. 1899ல் கொடைக்கானல் போயிற்று. 1971ல் தன்னாட்சி நிறுவனமாகி, பின்னர் பெங்களூரைத் தலைமை இடமாகக் கொண்டது. ஆக, அதுவும் நம்மைப் போலத் தமிழ்நாட்டிலிருந்து இங்கே குடிவந்ததுதான்!

அந்தக் கூடம் நுங்கம்பாக்கத்தில் இருந்த காலத்தில் கண்டுபிடித்த ஒரு கரிய கிரகத்தைப் பற்றி, இன்றைக்கும் உலக விஞ்ஞானிகள் பேசிக்கொண்டிருக்கிறார்கள்.

கத்திரி வெயில் காலத்து இரவு

செவ்வாய்க் கிரகத்துக்கும் வியாழனுக்கும் நடுவே லட்சக்கணக்கான பாறைகள் சூரியனைச் சுற்றி வருகின்றன. இவற்றைச் சிறு கிரகங்கள் அல்லது குறுங்கோள்கள் என்பார்கள். வெறுங் கண்ணால் பார்த்தால் பெரும்பாலும் தெரியாது. டெலஸ்கோப்பில் பார்த்தாலும் சாதாரண நட்சத்திரம் போலத்தான் இருக்கும்.

பிறகு எப்படி அடையாளம் கண்டார்கள்? நட்சத்திரம் இடம் மாறாது, கிரகம் நகரும். வானத்தின் ஒரு பகுதியை வரைபடமாகத் தயாரித்துக்கொண்டு, இரவுக்கு இரவு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். நேற்று இல்லாத புள்ளி இன்று இருந்தால், அது நகர்கிறதா என்று கவனிக்க வேண்டும். பேரேட்டில் ஒவ்வொரு வரியாகச் சரிபார்க்கும் குமாஸ்தாவின் வேலைதான் இது! போட்டோ எடுத்துக் கண்டுபிடிக்கும் முறை 1891ல்தான் வந்தது. அதுவரை எல்லாம் கண்ணும் கையும் செய்த வேலை.

சென்னையின் அரசாங்க வானவியலாளர் நார்மன் போக்சன் 1861ல் பதவிக்கு வந்தார். அதே ஆண்டு ஒரு சிறு கிரகத்தைக் கண்டுபிடித்தார். ஆசியக் கண்டத்திலிருந்து முதன்முதலாகக் காணப்பட்ட சிறு கிரகம் என்பதால் அதற்கு 'ஆசியா' என்றே பெயர் வைத்தார். 1864ல் 'சாப்போ' கிடைத்தது. 1866 மே 16ஆம் தேதி, சென்னை கத்திரி வெயிலில் வெந்துகொண்டிருந்த நாட்களில், 'சில்வியா' அகப்பட்டது. பின்னர் 1868ல் 'கமில்லா', 1885ல் 'வேரா'. நுங்கம்பாக்கத்துக் கணக்கு மொத்தம் ஐந்து.

அடுப்புக்கரி நிறம்

இந்த ஐந்தில் சில்வியாவின் கதை தனி. அதன் குறுக்களவு சுமார் 270 கிலோ மீட்டர். பெங்களூருக்கும் சென்னைக்கும் நேர்க்கோட்டில் உள்ள தூரத்தைவிடச் சற்றுக் குறைவு. சூரியனிலிருந்து சராசரியாக 52 கோடி கிலோ மீட்டர் தள்ளி இருக்கிறது. சூரியனை ஒரு முறை சுற்ற ஆறரை ஆண்டு ஆகிறது. ஆனால் தன்னைத்தானே சுற்றிக்கொள்ள ஐந்தே கால் மணி நேரம் போதும்.

நிறமோ அடுப்புக்கரி நிறம். அதன் மேல் விழும் வெயிலில் 100ல் நான்கு, ஐந்து பங்குதான் திரும்பி வருகிறது. கரிப் பொருள்கள் மிகுந்த மிகப் பழைய பாறை என்பதே இதற்குக் காரணம். எடையும் குறைவு. சாதாரணக் கருங்கல் தண்ணீரைப்போல் இரண்டரை மடங்குக்கு மேல் கனக்கும். சில்வியா ஒன்றரை மடங்குகூட இல்லை. உள்ளே பனிக்கட்டியும் வெற்றிடங்களும் நிறைய இருக்க வேண்டும் என்பது விஞ்ஞானிகளின் முடிவு.

தாயும் பிள்ளைகளும்

ரோமாபுரியைக் கட்டிய ரோமுலஸ், ரீமஸ் என்ற இரட்டையரின் தாய் பெயர் ரியா சில்வியா என்பது ரோமானியர் புராணம். அந்தத் தாயின் பெயரையே போக்சன் சூட்டினார்.

135 ஆண்டுகள் சென்றன. 2001ல் ஹவாய்த் தீவின் பெரிய டெலஸ்கோப் வழியாகப் பார்த்தபோது, சில்வியாவை ஒரு குட்டிச் சந்திரன் சுற்றுவது தெரிந்தது. 2005ல், சிலி நாட்டு மலை மேலிருந்து பார்த்தவர்கள் இரண்டாவது சந்திரனையும் அறிவித்தார்கள். இரண்டு சந்திரன்கள் உள்ள சிறு கிரகம் என்று முதன்முதலில் தெரியவந்தது சில்வியாதான். பிள்ளைகளுக்கு என்ன பெயர் வைப்பது என்று யாரும் மூளையைக் கசக்க வேண்டியிருக்கவில்லை! மூத்தது ரோமுலஸ், அடுத்தது ரீமஸ்.

கமில்லாவுக்கும் அப்படியே. 2001ல் ஒரு சந்திரனும் 2016ல் இன்னொன்றும் தெரியவந்தன. இரண்டுமே நுங்கம்பாக்கத்துக் கண்டுபிடிப்புகள் என்பது குறிப்பிடத்தக்கது.

வகையறா

வெளியூரில் முன்பின் தெரியாத இருவர் சந்திக்கிறார்கள். குலதெய்வம் எது என்று கேட்டால் பங்காளியா இல்லையா என்று தெரிந்துவிடுகிறது அல்லவா? சிறு கிரகங்களுக்கும் அப்படி ஒரு சோதனை உண்டு. அவை செல்லும் பாதைதான் அது. சூரியனிலிருந்து உள்ள தூரம், பாதையின் சாய்வு, நீள்வட்டத்தின் அளவு ஆகிய மூன்றும் ஒத்துப்போனால் ஒரே குடும்பம். 1918ல் ஜப்பானிய விஞ்ஞானி ஹிராயாமா இதைக் கண்டு சொன்னார். ஒரு பெரிய பாறை மோதலில் சிதறிய துண்டுகளே இந்தக் குடும்பங்கள்.

சில்வியாவுக்கும் இப்படி ஒரு குடும்பம் இருப்பதை 2010ல் விஞ்ஞானிகள் விளக்கினார்கள். பழங்காலத்தில் ஏதோ ஒன்று சில்வியாவின் மேல் பலமாக மோதியது. தெறித்தவற்றில் சில தாயையே சுற்றும் சந்திரன்களாயின. மற்றவை தனித்தனியே போயின. சூரிய வெப்பம் சிறு துண்டுகளை மெல்ல மெல்லத் தள்ளும். கோடிக்கணக்கான ஆண்டுகளில் சொந்தம் அடையாளம் தெரியாமல் கலைந்துபோவதும் உண்டு.

கரியால் நமக்கு என்ன?

நம் உடம்பில் கரி உண்டு, தண்ணீர் உண்டு. பூமி உருவான காலத்தில் இவற்றில் ஒரு பங்கைக் கரிய பாறைகளே கொண்டுவந்து கொட்டியிருக்கலாம் என்று கருதுகிறார்கள். 2020ல் ஜப்பானின் ஹயபுசா-2 விண்கலம் ரியுகு என்ற கரிய சிறு கிரகத்திலிருந்து 5 கிராம் மண் கொண்டுவந்தது. 2023ல் அமெரிக்கக் கலம் பென்னுவிலிருந்து 121 கிராம் கொண்டுவந்தது. இரண்டிலும் உயிருக்கு அடிப்படையான அமினோ அமிலங்கள் இருந்தன. ஆகவே சில்வியா போன்றவை நமக்கும் அந்நியமல்ல.

பின்னால் நின்றவர்கள்

போக்சனுக்குத் துணையாக இருந்தவர்களையும் சொல்ல வேண்டும். முதல் உதவியாளர் சிந்தாமணி ரகுநாதாச்சாரி 1867ல் ஒளி மாறும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டுபிடித்தார். 1874ல் வெள்ளிக் கிரகம் சூரியனைக் கடந்தபோது, சாமானிய மக்களுக்காகக் கன்னடம் உள்ளிட்ட மொழிகளில் புத்தகம் போட்டார். போக்சனின் மகள் ஐசிஸ் 1873 முதல் அங்கே உதவியாளராக உழைத்தார். பெண் என்ற காரணத்தால் லண்டன் வானவியல் சங்கம் 1886ல் அவரைச் சேர்க்க மறுத்தது. 1920ல்தான் சேர்த்துக்கொண்டது.

அந்தப் பரம்பரை அற்றுப்போகவில்லை. 1988 பிப்ரவரி 17ஆம் தேதி, ஜவ்வாது மலையில் உள்ள காவலூரில், ராஜமோகன் குழுவினர் புதிய சிறு கிரகம் ஒன்றைக் கண்டார்கள். வேராவுக்குப் பிறகு 103 ஆண்டு கழித்து நம் நாட்டிலிருந்து கிடைத்தது அது. கணித மேதையின் நினைவாக 'ராமானுஜன்' என்று பெயரிட்டார்கள்.

காவலூர், பெங்களூர் நிறுவனத்தின் கிளைதான். ஜோலார்பேட்டை, வாணியம்பாடி வழியாக ஊருக்குப் போகிறவர்கள் அந்த மலைப் பக்கம் கடந்துதான் போகிறார்கள். மலையில் டெலஸ்கோப் வைக்கக் காரணம் அங்கே உள்ள இருட்டு. 1866ல் நுங்கம்பாக்கத்தில் அந்த இருட்டு இருந்தது; இன்று இல்லை. ஊர்களில் விளக்கு பெருகப் பெருக மங்கலான புள்ளிகள் மறைகின்றன. தேவையில்லாத விளக்கை அணைப்பதும், தெரு விளக்கின் ஒளி மேலே போகாமல் கீழே விழும்படி மூடி போடுவதும் பெரிய செலவல்ல. அடுத்த சில்வியா நம் பக்கத்திலிருந்து கிடைக்க வேண்டுமானால், அந்த இருட்டையும் நாம் காப்பாற்றித்தான் ஆக வேண்டும்.