பாறை அடுக்குகள் கூறும் பழங்கதை



சென்ற கோடை விடுமுறையில் அரியலூருக்கு அருகே உள்ள என் பெரியப்பா வீட்டிற்குச் சென்றிருந்தேன். வயலில் புதிதாகக் கிணறு வெட்டியிருந்தார்கள். கரையில் குவித்திருந்த கல்லிலும் மண்ணிலும் ஏறி விளையாடியபோது கையகலக் கிளிஞ்சல் ஒன்று கிடைத்தது. தூக்கிப் பார்த்தேன், கனத்தது. அது முழுவதும் கல்லாகி இருந்தது! கடற்கரையோ அங்கிருந்து வெகு தொலைவு. வயலுக்குள் கடல் கிளிஞ்சல் எப்படி வந்தது?

பள்ளி திறந்ததும் அதைப் பெருமையோடு எங்கள் அறிவியல் சிஸ்டரிடம் காட்டினேன். அவர்கள் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “அழகாக இருக்கிறது கண்ணே. இது கிணற்றில் எத்தனை அடி ஆழத்தில், எந்த அடுக்கில் இருந்தது?” என்று கேட்டார்கள்.

“தெரியாது சிஸ்டர். குவியலிலிருந்து எடுத்தேன்.”

“அப்படியானால் பாதிக் கதையை அங்கேயே விட்டுவிட்டு வந்திருக்கிறாய்” என்றார்கள்.

அந்தச் சொல் என் மனத்தில் தைத்தது. விட்டு வந்த பாதிக் கதை எது என்று தேடிப் படித்தேன். அதையே உங்களோடு பகிர்ந்துகொள்கிறேன்.

சுறாவின் பல் கற்பித்த பாடம்

1666-ஆம் ஆண்டு இத்தாலியக் கடற்கரையில் பிடிபட்ட பெரிய சுறா ஒன்றின் தலையை, பிளாரன்ஸ் நகரில் இருந்த நிக்கோலஸ் ஸ்டெனோ என்ற டென்மார்க் நாட்டு மருத்துவ அறிஞரிடம் ஆய்வுக்குக் கொடுத்தார்கள். மலைப் பாறைகளில் கிடைத்த முக்கோணக் கற்களை அக்காலத்தவர் ‘நாக்குக் கற்கள்’ என்று அழைத்து வந்தனர். சுறாவின் வாயைத் திறந்து பார்த்த ஸ்டெனோ, அதன் பற்களும் அந்தக் கற்களும் ஒரே வடிவில் இருப்பதைக் கண்டார். அப்படியானால் அந்தப் பாறை ஒரு காலத்தில் கடலடிச் சேறாக இருந்திருக்க வேண்டும் அல்லவா?

1669-இல் அவர் வெளியிட்ட நூலில் எளிய விதி ஒன்றைக் கூறினார். நீரில் படியும் சேறு அடுக்கடுக்காகப் படிகிறது. ஆகையால் குலையாத அடுக்குகளில் அடியில் இருப்பது மூத்தது, மேலே இருப்பது இளையது. வீட்டில் நாள்தோறும் அடுக்கி வைக்கும் செய்தித்தாள் கட்டைப் பாருங்கள். அடியில் பழைய தாள், மேலே இன்றைய தாள். நடுவிலிருந்து ஒரு தாளை உருவிவிட்டால், அது எந்த நாளுக்குரியது என்பதை அதன் இடத்தைக் கொண்டு சொல்ல முடியாது. நான் செய்த பிழையும் இதுதான்.

இந்த ஸ்டெனோ பின்னர் 1675-இல் குருவாகவும், 1677-இல் ஆயராகவும் திருநிலைப்படுத்தப்பட்டார். 1988-இல் திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் அவரை முத்திப்பேறு பெற்றவராக அறிவித்தார்.

ஸ்டெனோவுக்கு நூறாண்டுகளுக்கும் மேலாகப் பிறகு, இங்கிலாந்தில் கால்வாய் வெட்டும் பணியில் நில அளவை செய்த வில்லியம் ஸ்மித் மற்றோர் உண்மையைக் கண்டார். ஒவ்வோர் அடுக்கிலும் அதற்கே உரிய தொல்லுயிர்ப் படிவங்கள் இருக்கின்றன. ஆகவே தொலைவில் உள்ள இரண்டு ஊர்களில் ஒரேவகைப் படிவங்கள் கிடைத்தால், அவ்விரு அடுக்குகளும் ஒரே காலத்தவை எனக் கொள்ளலாம். 1815-இல் அவர் இந்த வழியில் தம் நாட்டுப் பாறைகளின் படத்தையே வரைந்து வெளியிட்டார்.

நம் ஊர்ப் பாறையில் ஏன் இல்லை?

மறைமலை நகரைச் சுற்றிலும் இத்தனை பாறைகள் இருக்கின்றனவே, இங்கே ஏன் கிளிஞ்சல் கிடைப்பதில்லை என்று நீங்கள் கேட்கலாம். பரங்கிமலை, பல்லாவரம், வண்டலூர்ப் பக்கங்களில் காணும் கருநிறப் பாறைக்குச் சார்னோக்கைட் என்று பெயர். கல்கத்தாவில் ஜாப் சார்னோக் என்ற ஆங்கிலேயரின் கல்லறைக் கல்லை 1893-இல் ஆராய்ந்த தாமஸ் ஹாலந்து, அது சென்னைப் பக்கத்துக் கல் என்று அறிந்தார். அதனால் அப்பாறைக்கே சார்னோக்கின் பெயர் நிலைத்தது. இதன் வயது சுமார் 250 கோடி ஆண்டுகள்! பூமியின் ஆழத்தில் பெரும் வெப்பத்திலும் அழுத்தத்திலும் உருவான பாறை இது. அன்று உலகில் கிளிஞ்சலோ மீனோ தோன்றவே இல்லை. கண்ணுக்குத் தெரியாத நுண்ணுயிர்களே இருந்தன.

படிவங்கள் வேண்டுமானால் படிவுப் பாறைகளைத் தேடிச் செல்ல வேண்டும். நமக்கு வடமேற்கே ஸ்ரீபெரும்புதூர்ப் பகுதியில் அத்தகைய பாறைகள் உள்ளன. சுமார் 12 கோடி ஆண்டுகளுக்கு முந்தைய செடிகளின் இலை அச்சுகள் அங்குள்ள களிப்பாறையில் பதிந்திருக்கின்றன. ஆனால் பல அடுக்குகளை வரிசையாகக் காண அரியலூர், பெரம்பலூர், திருச்சி மாவட்டங்களுக்குத்தான் செல்ல வேண்டும்.

அரியலூரில் அலையடித்த காலம்

1840-ஆம் ஆண்டையொட்டி, கே, கன்லிஃப் என்ற இருவர் புதுச்சேரி, விருத்தாசலம், திருச்சிப் பகுதிகளில் படிவங்களைத் திரட்டி இலண்டனுக்கு அனுப்பினர். அவற்றை ஆராய்ந்த எட்வர்டு ஃபோர்ப்ஸ், அவை கிரெட்டேசியக் காலத்துக் கடலுயிர்கள் என்று 1846-இல் எழுதினார். கடல் கடந்த ஐரோப்பாவிலும் அதே காலத்து இனங்கள் கிடைத்திருந்ததால் இது கைகூடிற்று.

அதன்பின் இந்திய நிலப்பொதியியல் ஆய்வுத்துறையைச் சேர்ந்த எச். எப். பிளான்ஃபோர்டு நிலத்தை ஆராய்ந்து, அங்குள்ள பாறைகளை 1862-இல் மூன்று பிரிவுகளாகப் பிரித்தார். அவை ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர்ப் பிரிவுகள். இங்குள்ள அடுக்குகள் கிழக்கு நோக்கிச் சற்றே சரிந்துள்ளன. எனவே மேற்கே மூத்த அடுக்கும், கிழக்கே செல்லச் செல்ல இளைய அடுக்கும் தரையில் தலைகாட்டுகின்றன. மேற்கிலிருந்து கிழக்கே நடந்தால் காலத்தில் முன்னேறி நடக்கிறோம் என்று பொருள்!

நாமும் அப்படி நடந்து பார்ப்போமா? முதலில் காரை என்னும் ஊர். சிவந்தும் மஞ்சளாகவும் அரிப்புண்டு கிடக்கும் அக்களிமண் நிலம் ஊட்டத்தூர்ப் பிரிவைச் சேர்ந்தது. சுமார் 10 கோடி ஆண்டுகளுக்கு முன் அது கடலடி. ஸ்டெனோவுக்குப் பாடம் சொன்னது போன்ற சுறாப் பற்கள் அங்கும் கிடைத்திருக்கின்றன. அடுத்து சாத்தனூர். அங்கே கடல் படிவுகளுக்கு நடுவே 18 மீட்டர் நீளமுள்ள கல்லான அடிமரம் கிடக்கிறது. நிலத்தில் வளர்ந்த மரத்தை வெள்ளம் அடித்துக்கொண்டு வந்து கடலில் சேர்த்திருக்க வேண்டும். 1940-இல் இதனை உலகுக்கு அறிவித்தவர் எம். எஸ். கிருஷ்ணன் என்ற தமிழர்.

இன்னும் கிழக்கே அரியலூர்ப் பிரிவு. அதன் உச்சியில் உள்ள கல்லமேட்டு அடுக்கில் டைனோசர் எலும்புகள் கிடைத்தன. கடலடியாக இருந்த இடத்தில் தரைவாழ் விலங்கின் எலும்பு எப்படி வந்தது? கடல் பின்வாங்கி, அங்கே ஆறுகள் ஓடியிருக்கின்றன. அதற்கும் மேலே உள்ள நினியூர் அடுக்கில் மீண்டும் கடலுயிர்கள். ஆனால் ஒரு பெரிய வேறுபாடு! கீழ் அடுக்குகளில் ஏராளமாக இருந்த, ஆட்டுக் கொம்புபோல் சுருண்ட அம்மோனைட் என்னும் உயிரினம் நினியூர் அடுக்கில் இல்லை. 6 கோடியே 60 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் உலகெங்கும் டைனோசர்களோடு அவையும் அழிந்துபோயின. ஓர் உலகம் முடிந்து மற்றோர் உலகம் தொடங்கிய எல்லை நம் தமிழ்நாட்டு வயல்களினூடே செல்கிறது.

ஆண்டுக் கணக்கு எப்படி?

அடுக்கு, முன் எது பின் எது என்ற வரிசையைச் சொல்லும். ஆண்டைச் சொல்வது பாறையிலுள்ள கதிரியக்கப் பொருள். யுரேனியம் மெல்ல மெல்லச் சிதைந்து ஈயமாக மாறுகிறது. யுரேனியம் 238-இல் பாதி மாறுவதற்குச் சுமார் 450 கோடி ஆண்டுகள் ஆகும். எரிமலைச் சாம்பலில் உள்ள படிகங்களில் இவ்விரண்டின் அளவையும் ஒப்பிட்டு வயதைக் கணக்கிடுகிறார்கள். அச்சாம்பலுக்கு மேலும் கீழும் உள்ள படிவங்களின் காலமும் அதனால் விளங்குகிறது. கார்பன் 14 முறை இதற்குப் பயன்படாது. 5,730 ஆண்டுகளில் பாதியாகிவிடும் அது, ஏறத்தாழ 50,000 ஆண்டுகளுக்கு மேல் அளக்க முடியாத அளவு குறைந்துவிடும்.

கிழிபடும் பக்கங்கள்

அந்தப் பழங்கடலின் சுண்ணாம்புக்கல்தான் இன்று சிமெண்டாகிறது. அரியலூரில் சிமெண்ட் ஆலைகள் பல உள்ளன. நம் வீட்டுச் சுவரிலும் அந்தக் கடலின் ஒரு துளி இருக்கக்கூடும். வீடு வேண்டும், சிமெண்டும் வேண்டும், மறுப்பதற்கில்லை. சுரங்கம் வெட்டுவதால்தான் புதைந்திருந்த அடுக்குகள் பல வெளியே தெரிகின்றன என்பதும் உண்மையே. ஆனால் எந்த அடுக்கில் எது இருந்தது என்று குறித்து வைக்காமல் வெட்டி எடுத்துவிட்டால், அந்தப் பக்கம் கிழிந்தது கிழிந்ததுதான். மறுபடியும் எழுத யாராலும் இயலாது. என்னைப்போல் அழகுக்காகப் பொறுக்குவோரும் சிறு சிறு துண்டுகளாக அதையே செய்கிறோம்.

ஆகவே, தோழியரே, வாரணவாசியில் உள்ள படிவ அருங்காட்சியகத்திற்கு ஒருமுறை சென்று பாருங்கள். வெளியிடத்தில் படிவம் ஒன்றைக் கண்டால் உடனே பெயர்த்து எடுக்காதீர்கள். முதலில் படம் எடுங்கள். ஊர், ஆழம், சுற்றியுள்ள கல்லின் நிறம், மேலும் கீழும் உள்ள அடுக்குகள் ஆகியவற்றை எழுதிக்கொண்டு, அறிந்தவரிடம் தெரிவியுங்கள்.

என் கிளிஞ்சல் என்னவாயிற்று என்கிறீர்களா? “அதற்குள் ஒட்டியிருக்கும் கல்லைக் கவனி” என்று சிஸ்டர் வழி சொன்னார்கள். கிளிஞ்சலின் குழியில் வெண்மையான சுண்ணாம்புக்கல் இறுகியிருந்தது. பெரியப்பாவுக்குத் தொலைபேசியில் பேசினேன். “மேலே கரிசல் மண், அப்புறம் மஞ்சள் களி, இருபது அடிக்குக் கீழேதானம்மா வெள்ளைக் கல்” என்றார்கள். ஆக, என் கிளிஞ்சல் இருபது அடிக்குக் கீழிருந்து வந்தது. இதை ஒரு சீட்டில் எழுதிக் கிளிஞ்சலோடு சேர்த்துப் பள்ளி ஆய்வுக்கூடத்தில் வைத்துவிட்டேன். வெள்ளைக் கல்லில் எத்தனையாவது அடி என்பது மட்டும் சீட்டில் வெற்றிடமாகவே இருக்கிறது. அடுத்த முறை அந்த இடம் வெற்றாக இராது.