மேய்ப்பனும் மேய்ச்சல் நிலமும்

மந்தையில் ஓர் ஆடு குறைந்தால் எண்ணிப் பாராமலே அறிபவன் மேய்ப்பன். எந்தக் குட்டி எந்தத் தாயினுடையது என்பதும் அவனுக்குத் தெரியும். அவன் குரலை ஆடுகளும் அறியும். காட்டில் ஈன்ற குட்டியைத் தோளிற் சுமந்தே வீடு திரும்புவான். விற்கும் நாள் வருமென்று அறிந்தும் இவ்வாறு பேணுபவனது தொழிலை வெறும் பிழைப்பென்று கூற நமக்கு மனம் வரவில்லை.

திருத்தணியை உள்ளடக்கிய திருவள்ளூர் மாவட்டம் 'சென்னைச் சிவப்பு' என்னும் செம்மறியினத்தின் தாயகங்களுள் ஒன்று. அறுவடையான வயலில் கிடை போட்டால் ஆட்டுப் புழுக்கையும் நீரும் நிலத்துக்கு உரமாகும். ஆகவே மந்தை வாழ்ந்தால் உழவனும் வாழ்வான். ஆனால் மேய்ச்சற் புறம்போக்கு பறிபோன ஊரில் மேய்ப்பன் செய்யக்கூடியது என்ன? தான் வளர்த்த ஆட்டைத் தானே சந்தைக்கு ஓட்டுவதுதான்.

கிராமப் பொது நிலங்களின் ஆக்கிரமிப்பை அகற்றத் திட்டம் வகுக்குமாறு 2011-ஆம் ஆண்டிலேயே உச்ச நீதிமன்றம் மாநில அரசுகளைப் பணித்துள்ளது. எல்லைப் போராட்டத்தின் பயனாகத் திருத்தணி 1960-இல் சென்னை ராஜ்யத்துடன் இணைந்தது. மண்ணை மீட்டவர்கள் அம்மண்ணின் புல்லைக் காக்கத் தவறலாமா? ஊர்தோறும் மேய்ச்சல் நிலத்தை அளந்து காப்பதே தேச ஊழியர்கள் இன்று மேற்கொள்ள வேண்டிய பணி என்போம்.