வாலடி நனைந்தால் ஒரு நாளும் தாமதிக்காதீர்கள்

ஒரகடம் பக்கம் வடக்குப்பட்டு போன்ற ஊர்களில் தகரக் கூரை போட்ட வாடகை அறைகள் சித்திரை வெயிலில் காலையிலேயே கொதிக்கத் தொடங்கிவிடும். ஷிப்டுக்குப் போகிறவர் அறையைப் பூட்டிக்கொண்டு கிளம்பிவிடுவார். உள்ளே கூண்டில் ஹாம்ஸ்டர் இருந்தால் அதன் பாடு பெரும்பாடு. வியர்த்து உடலை ஆற்றிக்கொள்ளும் வழி அதற்குக் கிடையாது. 30 டிகிரியைத் தாண்டினாலே ஆபத்துதான்.

இந்தப் பிராணி ஆய்வகத்துக்கு வந்த கதையில் சென்னைக்கும் ஒரு பங்குண்டு. 1903இல் மெட்ராஸ் அரசு பொது மருத்துவமனையில் சார்லஸ் டோனோவன் நோயாளிகளின் மண்ணீரலில் காலா அசார் நோயின் ஒட்டுண்ணியைக் கண்டார். லீஷ்மேனியா டோனோவானி என்று அவர் பெயரே அதற்கு வைக்கப்பட்டது. லீஷ்மேனியா நோய்களை ஆராய ஏற்ற விலங்கைத் தேடிய ஜெருசலேம் விஞ்ஞானி சால் ஆட்லருக்காக, 1930இல் இஸ்ரேல் அஹரோனி சிரியாவின் அலெப்போ அருகே வயலைத் தோண்டி ஒரு தாயையும் குட்டிகளையும் பிடித்தார். இன்று வீடுகளில் வளரும் சிரிய ஹாம்ஸ்டர்களில் பெரும்பாலானவை அந்தக் குட்டிகளின் வாரிசுகள். காட்டில் அரை மீட்டருக்கும் ஆழமான வளைக்குள் பகலின் பெரும்பகுதியைக் கழிக்கும் இனம் இது. அதனால் கூண்டைத் தரையில், வெயில் எட்டாத மூலையில் வையுங்கள். ஒளிந்துகொள்ள ஒரு மண்சட்டியைச் சாய்த்து வைத்தால் உள்ளே குளுமையாக இருக்கும்.

வெயிலைவிடச் சத்தமில்லாமல் கொல்வது 'வெட் டெயில்' என்ற குடல் நோய். பால்குடி மறந்த, மூன்று முதல் எட்டு வாரக் குட்டிகளையே அது அதிகம் தாக்குகிறது. லாசோனியா என்ற பாக்டீரியா சிறுகுடலில் பெருகுகிறது. கடையில் நெரிசல், பயணம், புதுத் தீனி என அலைக்கழிந்த குட்டியிடம் அதை எதிர்த்து நிற்கத் தெம்பு இருக்காது. வாலடி ரோமம் நனைந்து ஒட்டிக்கொள்ளும், நாற்றமடிக்கும். முதுகு கூனி, கண்ணைப் பாதி மூடிக் குட்டி உட்கார்ந்திருக்கும். இரண்டு மூன்று நாளில் உயிரே போய்விடும்.

வாங்கி வந்த குட்டியை முதல் வாரம் கையில் எடுத்துக் கொஞ்சாமல் விட்டுவிடுவதே நல்லது. கடையில் போட்ட அதே தீனியைக் கேட்டு வாங்கி வாருங்கள், புதியதைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கலந்து மாற்றுங்கள். பகலில் தூங்குவது அதன் இயல்பு என்பதால், சோர்வை இரவில்தான் கண்டுபிடிக்க முடியும். இரண்டாம் ஷிப்டு முடிந்து வருபவருக்கு அது வசதி. வந்ததும் தீனி குறைந்திருக்கிறதா, சக்கரம் ஓடுகிறதா, வாலடி உலர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். வாரம் ஒருமுறை சமையல் தராசில் நிறுத்து எழுதி வைத்தால், கண்ணுக்குத் தெரியாத மெலிவும் பிடிபடும்.

மெடிக்கலில் அமாக்ஸிசிலின் வாங்கிக் கரைத்துக் கொடுப்பவர்களிடம் கெஞ்சிக் கேட்கிறேன், வேண்டாம். பென்சிலின் வகை மருந்துகள் ஹாம்ஸ்டர் குடலிலுள்ள நல்ல நுண்ணுயிர்களை அழிக்க, எஞ்சிய கிளாஸ்ட்ரிடியம் கிருமி நஞ்சைக் கக்கும். நோயில் பிழைத்திருக்கக்கூடியது மருந்தில் செத்துப்போகும். எந்த மருந்து, எத்தனை சொட்டு என்பதைக் கால்நடை மருத்துவர்தான் சொல்ல வேண்டும். அருகில் சின்னப் பிராணிகளைப் பார்ப்பவர் இல்லையென்றால் சென்னை வேப்பேரி கால்நடை மருத்துவக் கல்லூரி இருக்கிறது. நாளைக்குப் பார்க்கலாம் என்று ஒரு பகலைக்கூடத் தள்ளிப்போடாதீர்கள். கூண்டிலுள்ள கழிவைக் கொஞ்சம் காகிதத்தில் மடித்து எடுத்துப் போங்கள். வேறு ஹாம்ஸ்டர் இருந்தால் தனியே பிரித்து, ஒன்றைத் தொட்ட கையைச் சோப்புப் போட்டுக் கழுவிய பிறகே மற்றதைத் தொடுங்கள்.