கமோடு சீட் ஆடுதா? அசட்டையா விடாதீங்க! புதுசு பார்த்து வாங்கி நீங்களே மாட்டுவது எப்படி?

ராணிப்பேட்டை:

ஒரு காலத்தில் லாட்ஜிலும், பெரிய ஆஸ்பத்திரியிலும் மட்டும் பார்த்த வெஸ்டர்ன் டாய்லெட் இப்போது சின்னச்சின்ன வாடகை வீடுகளுக்கும் வந்து விட்டது. முட்டி வலியால் குத்துக்காலிட்டு உட்கார முடியாத தாத்தா, பாட்டிகளுக்கு அதுதான் கைகொடுக்கிறது.

கமோடு பீங்கான். உடையாத வரை வருஷக்கணக்கில் அப்படியே கிடக்கும். அதன் மேல் மாட்டியிருக்கும் பிளாஸ்டிக் சீட்தான் சீக்கிரம் மக்கர் பண்ணும். போல்ட் கழன்று ஒரு பக்கம் ஆடும். இல்லாவிட்டால் நடுவில் கீறல் விடும். "ஓடுற வரைக்கும் ஓடட்டும்" என்று பல வீடுகளில் அப்படியே விட்டு விடுகிறார்கள். அங்கேதான் வில்லங்கம்.

வழுக்கினால் என்ன ஆகும்?

வயதானவர்கள் உட்காரும்போது மெதுவாக உட்கார முடியாது. மொத்த பாரமும் ஒரேயடியாக சீட்டில் இறங்கும். அந்த நேரம் பார்த்து சீட் பக்கவாட்டில் நகர்ந்தால், பிடித்துக்கொள்ள ஒன்றும் இருக்காது. தரையும் ஈரமாக இருக்கும். எலும்பு தேய்ந்த வயதில் விழுந்து இடுப்பு எலும்பு முறிந்தால் ஆபரேஷன், மாதக்கணக்கில் படுக்கை என்று குடும்பமே ஆடிப்போய் விடும்.

கீறல் விட்ட சீட்டும் லேசுப்பட்டது அல்ல. உட்காரும்போது கீறல் விரியும், எழுந்திருக்கும்போது தோலை கவ்வும். சர்க்கரை நோய் இருப்பவர்களுக்கு அந்த சின்ன காயம் ஆறவே நாளாகும்.

சாதா சீட் சில நூறு ரூபாய்க்கே கிடைக்கிறது. போல்ட் துரு பிடிக்காமல் இருந்தால் அரை மணி நேரத்தில் வீட்டில் இருப்பவர்களே மாட்டி விடலாம். ஆனால் 2 விஷயத்தில் கோட்டை விடக்கூடாது. ஒன்று அளவு, இன்னொன்று முறுக்கு.

அளவு எடுக்காமல் கடைக்கு போகாதீங்க

"எல்லா சீட்டும் ஒன்றுதானே" என்று நினைத்து வாங்கி வந்து, பொருந்தாமல் திரும்ப கடைக்கு நடப்பவர்கள் உண்டு. முட்டை வடிவம், வட்டம், பின்பக்கம் தட்டையான 'டி' வடிவம் என்று கமோடு பல மாதிரி இருக்கிறது. ராணிப்பேட்டையில் 1950-களிலேயே பீங்கான் டாய்லெட் சாமான் தயாரிப்பு தொடங்கி விட்டது. அன்று முதல் இன்று வரை கம்பெனிக்கு கம்பெனி, மாடலுக்கு மாடல் அளவு மாறிக்கொண்டே இருக்கிறது.

இஞ்ச் டேப் எடுத்து 3 அளவு பார்க்க வேண்டும்.

1. கமோடின் பின்பக்கம் உள்ள 2 ஓட்டைகளுக்கு இடையே உள்ள தூரம். ஓட்டையின் நடுவில் இருந்து நடு வரை அளக்க வேண்டும். பெரும்பாலும் 14 முதல் 16 செ.மீ. வரை இருக்கும்.

2. அந்த ஓட்டைகளின் நேர்கோட்டில் இருந்து கமோடின் முன் விளிம்பு வரை உள்ள நீளம்.

3. கமோடு எந்த இடத்தில் அதிக அகலமோ, அந்த அகலம்.

இதைவிட சுலபமான வழியும் இருக்கு. பழைய நியூஸ் பேப்பரை கமோடு மேல் விரித்து, விளிம்பை பென்சிலால் வரைந்து, 2 ஓட்டைகளையும் குறித்துக்கொள்ளுங்கள். அதை கத்தரித்து கடைக்கு எடுத்துப்போய் சீட் மேல் வைத்து பார்த்தால் முடிந்தது வேலை. கமோடில் கம்பெனி பெயர், மாடல் நம்பர் இருந்தால் அதையும் செல்போனில் போட்டோ எடுத்துக்கொள்வது நல்லது.

சுவரில் தொங்கும் மாடல் கமோடுகள் சிலவற்றில் கீழே கை விட்டு நட் முடுக்க இடம் இருக்காது. அதற்கு மேலே இருந்தே முடுக்கும் சீட் என்று கேட்டு வாங்க வேண்டும்.

எந்த சீட் வாங்கலாம்?

விலை குறைவானது சாதா பிளாஸ்டிக். லேசாக இருக்கும், கொஞ்சம் வளையும். அடுத்தது யூரியா பார்மால்டிஹைடு சீட். கடையில் 'யு.எப்.' என்பார்கள். கனமாக, பீங்கான் மாதிரி பளபளப்பாக இருக்கும். சீக்கிரம் கீறல் விழாது. ஆனால் கீழே போட்டால் உடைந்து விடும்.

'சாப்ட் குளோஸ்' சீட் தானாக மெதுவாக மூடும். குழந்தைகள் கைவிரல் நசுங்காது. ஆனால் அவசரப்பட்டு கையால் அமுக்கினால் அதன் கீல் கெட்டுப்போகும்.

வாங்கும்போது ஐ.எஸ்.ஐ. முத்திரை பாருங்கள். பிளாஸ்டிக் டாய்லெட் சீட்டுக்கான தர எண் ஐ.எஸ். 2548. சீட்டை திருப்பி பார்த்தால் அடியில் ரப்பர் புஷ் இருக்கும். பாரத்தை பீங்கானில் இறக்குவதே அந்த ரப்பர்தான். எல்லா புஷ்ஷும் இருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள்.

பழசை கழற்றுவது

கமோடின் பின்பக்கம் அடியில் கை விட்டால் 2 நட் தட்டுப்படும். இடப்பக்கம் சுற்றினால் கழலும். போல்ட்டும் சேர்ந்து சுற்றினால் மேலே ஸ்குரூ டிரைவரால் பிடித்துக்கொள்ள வேண்டும்.

துரு பிடித்து அசையாவிட்டால் சுத்தியலால் தட்டக்கூடாது. பீங்கான் விட்டுப்போகும். துருவை விடுவிக்கும் எண்ணெய் விட்டு கொஞ்ச நேரம் ஊற விடுங்கள். அதற்கும் அசையாவிட்டால் ஆக்சா பிளேடால் போல்ட்டை அறுத்து எடுப்பதுதான் வழி. பீங்கானில் கீறல் விழாமல் இருக்க அந்த இடத்தில் டேப் ஒட்டிக்கொண்டு அறுக்க வேண்டும்.

அதிகமா முறுக்காதீங்க!

புது சீட்டை வைத்து, போல்ட்டை ஓட்டையில் இறக்கி, ரப்பர் அல்லது பிளாஸ்டிக் வாஷரை போட்டு, அதன் பிறகு நட்டை மாட்ட வேண்டும். வாஷர் இல்லாமல் இரும்பு நேராக பீங்கானில் படக்கூடாது.

ஒரே பக்கத்தை முழுசாக முடுக்காமல், 2 பக்கமும் மாற்றி மாற்றி கொஞ்சம் கொஞ்சமாக முடுக்குங்கள். சீட் நேராக இருக்கிறதா என்று பார்த்து, கையால் முடிந்த வரை முடுக்கி, அதற்கு மேல் கால் சுற்று போதும். "நல்லா டைட்டா இருக்கட்டும்" என்று ஸ்பேனர் போட்டு இறுக்கினால் பீங்கான் கிராக் விடும். அப்புறம் சில நூறு ரூபாய் வேலை, தரையை உடைத்து கமோடையே மாற்றும் வேலையாகி விடும். கூலி, கமோடு, டைல்ஸ் என்று ஆயிரக்கணக்கில் இழுத்து விடும். வாடகை வீடு என்றால் அட்வான்சில் பிடித்துக்கொள்வார்கள்.

முடுக்கியதும் சீட்டை இடமும் வலமும் தள்ளி பாருங்கள். அசையக்கூடாது. மூடியை தூக்கி விட்டால் தானாக விழாமல் நிற்க வேண்டும்.

ஆசிட் ஊற்றினால் மூடாதீங்க

ஆசிட் ஊற்றி விட்டு மூடியை மூடி வைத்தால், அதன் ஆவி உள்ளேயே நின்று போல்ட், கீல் எல்லாம் துரு ஏறும். மூடியை திறந்து வைத்து, நன்றாக தண்ணீர் ஊற்றி விடுங்கள். ஆசிட்டையும் பிளீச்சிங் பவுடரையும் ஒன்றாக மட்டும் ஊற்றவே கூடாது. குளோரின் விஷ வாயு கிளம்பி உயிருக்கே ஆபத்தாகும்.

மாதம் ஒருமுறை நட்டை தொட்டு பார்த்து, தளர்ந்திருந்தால் கையாலேயே முடுக்கி விடலாம். வீட்டில் வயதானவர்கள் இருந்தால் பக்கத்து சுவரில் ஒரு கைப்பிடியும் அடித்து விடுங்கள். சீட் உட்காரத்தான், பிடித்து எழுந்திருக்க அல்ல.