பணிக்குச் செல்லும் பெண்டிரும் நம் இல்லங்களும்

மாட்டுங்கா புகைவண்டி நிலையத்தை அறியாத தமிழர் மும்பையில் அரியர். வாழையிலைக்கும் மல்லிகைச் சரத்திற்கும் காப்பிப் பொடிக்கும் கோயிலுக்கும் என்று ஏதேனும் ஒரு காரணம் பற்றித் தாராவியிலிருந்தும் செம்பூரிலிருந்தும் நாம் அங்கே போய்வந்த வண்ணமே இருக்கிறோம். அந்நிலையத்தில் 2017ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் மத்திய ரெயில்வே ஒரு புதுமை செய்தது. நிலைய மேலாளர், பயணச்சீட்டு வழங்குவோர், சீட்டுப் பரிசோதகர், அறிவிப்பாளர், பாதுகாப்புப் படையினர், துப்புரவுப் பணியாளர் என 41 பேரையும் பெண்களாகவே அமர்த்தியது. இந்திய ரெயில்வேயில் முற்றிலும் மகளிரே நடத்திய முதல் நிலையம் என்று 2018இல் லிம்கா சாதனை நூலிலும் அஃது இடம்பெற்றது.

அந்நாளில் ஒரு வெள்ளிக்கிழமை மாலை என் தாயாரைக் கோயிலுக்கு அழைத்துச் சென்று திரும்பினேன். சீட்டு வாங்கும் சாளரத்திற்கு அப்பால் இருந்த பெண்மணியை அம்மா நெடுநேரம் நோக்கினார். பின்னர், “ராத்திரியும் இந்தப் பிள்ளைதான் இருக்குமா? அப்படீன்னா அது வீட்டில சோறு யாரு பொங்குவா?” என்று கேட்டார். நான் நகைத்தேன். நாட்டுப்புறத்து முதியவளின் பேதைமை என்று எண்ணி நண்பர்களிடமும் சொல்லிச் சிரித்தேன். அது பேதைமை அன்று என்பதை உணர எனக்குச் சில ஆண்டுகள் வேண்டியிருந்தன.

பெண்ணால் இயலுமா என்ற வினா தீர்ந்து பல்லாண்டுகள் ஆயின. மாட்டுங்காவின் மேலாளராக அப்போது அமர்ந்த திருமதி மம்தா குல்கர்ணி, 1992இலேயே மத்திய ரெயில்வேயின் மும்பைக் கோட்டத்தில் உதவி நிலைய அதிகாரியாகச் சேர்ந்த முதற்பெண். அவருக்கும் முன்னதாக, சாத்தாராவில் பிறந்த திருமதி சுரேகா யாதவ் 1989இல் உதவி ஓட்டுநராக எஞ்சினில் ஏறினார். சரக்கு வண்டி ஓட்டினார். 2000ஆம் ஆண்டு ஏப்ரலில் மகளிர் சிறப்பு மின்வண்டியை ஓட்டினார். 2011 மார்ச் 8ஆம் நாள் டெக்கான் குயினைப் புணேயிலிருந்து மலைச்சரிவு வழியாக மும்பைக்குக் கொணர்ந்தார். 2023இல் சோலாப்பூரிலிருந்து வந்தே பாரத் வண்டியையும் ஓட்டிவந்தார். 2025 செப்டம்பரில் ஓய்வு பெற்றார். எஞ்சின்களில் கழிப்பறை என்ற ஒன்றே நெடுங்காலம் கிடையாது என்பதை நம் வாசகர் பலர் அறியார். ஆண்கள் எப்படியோ சமாளித்துக்கொண்டார்கள்.   கழிப்பறை அமைந்தால் ஆண்களுக்கும் அதனால் நன்மையே அல்லவா?

திறமை ஐயத்திற்கு இடமில்லாதது. எனில், தடை எங்கே இருந்தது? நம் மும்பையிலேயே நடந்த ஒரு வழக்கைக் கூறுகிறேன். மருந்து நிறுவனம் ஒன்றில், மருந்துகளைப் பொதிந்து சீட்டு ஒட்டும் பகுதியில் வேலை செய்த மணமாகாத பெண்களுக்கு ஒரு விதி இருந்தது: மணம் முடித்தால் வேலையும் முடிந்தது. பம்பாய்த் தொழிலாளர் சங்கம் இதனை எதிர்த்தது. தீர்ப்பாயத்தில் தோற்றும் அயராமல் உச்ச நீதிமன்றம் வரை சென்றது. அங்கு வேலை குழுக்களாக நடப்பது, மணமான பெண்கள் அடிக்கடி வாராதிருப்பர், எனவே இவ்விதி தேவை என்றது நிறுவனம். நீதிமன்றம் 1965இல் அவ்விதியைத் தள்ளிற்று. குழந்தைகளால் வருகை குறையும் என்றால், குழந்தையுள்ள கைம்பெண்ணுக்கும் அதுதானே என்று நீதிபதிகள் காட்டினர். பேறுகால விடுப்பை ஈடுசெய்ய மாற்றாள் சிலரை வைத்துக்கொண்டால் தீர்ந்தது என்பதும் அவர்கள் கருத்து. எளிய கணக்குத்தான்! ஆனால் அதைச் சொல்ல உச்ச நீதிமன்றம் வேண்டியிருந்தது.

ஊதியத்திலும் இப்படியே. இதே நகரின் கப்பல் நிறுவனம் ஒன்றில் பெண் சுருக்கெழுத்தாளருக்கு ஆணைவிடக் குறைந்த சம்பளம் இருந்தது. ஆட்ரி டி கோஸ்டா என்ற அம்மையார், 1976ஆம் ஆண்டின் சம ஊதியச் சட்டத்தைக் கொண்டு வாதாடினார். கொடுக்கச் சக்தியில்லை என்ற நிறுவனத்தின் சொல் செல்லாது என்று 1987இல் தீர்ப்பாயிற்று.

இவற்றையெல்லாம் நான் செய்தியாகப் படித்தவனே. என் வீட்டு வாயிலுக்கும் இந்த வழக்கு வரும் என்று எண்ணினேனில்லை.

என் தங்கைக்கு ரெயில்வேயில் பாயிண்ட்ஸ்மேன் பணிக்கு ஆணை வந்தது. (பெண் என்றாலும் பதவியின் பெயர் அதுதான்.) மாட்டுங்காப் பணிமனையில் முப்பது ஆண்டுகள் உழைத்த எம் தந்தையார் இருந்திருந்தால் மகிழ்ந்திருப்பார். அவள் முதலில் சென்ற நிலையத்தில் உடை மாற்ற அறை இல்லை. அதையும் பொறுத்துக்கொண்டாள். இரவு முறை தொடங்கியதும் எங்கள் வீட்டில்தான் பொறுமை குலைந்தது. இரவெல்லாம் கொடியும் விளக்குமாக நின்று காலையில் வந்தவள், குழாயில் தண்ணீர் நிற்கும் முன் குடங்களை நிரப்பினாள். என் மனைவியுடன் அடுப்படியில் நின்றாள். நண்பகலில் தலை சாய்த்தால் தொலைக்காட்சி, பிள்ளைகளின் கூச்சல், அண்டை வீட்டாரின் வருகை. இரண்டு திங்களில் அவள் கண்கள் குழிவிழுந்தன. “இந்த வேலை உனக்கு ஒத்துக்கொள்ளவில்லையே, அம்மா” என்று நானே சொன்னேன்.

அவள் சினக்கவில்லை. “அண்ணா, நீங்கள் இரவு முறை முடித்து வந்தால் இந்த வீடு எப்படி இருக்கும்?” என்று மட்டும் கேட்டாள்.

அன்பர்களே, அதற்கு விடை சொல்ல எனக்கு நாணமாயிற்று. பன்னிரண்டு ஆண்டுகளாக நான் சீட்டு அலுவலகத்தில் முறை மாறி மாறி வேலை பார்க்கிறேன். நான் இரவு முறை முடித்து வரும் நாள்களில் பிள்ளைகள் பக்கத்து வீட்டுக்கு அனுப்பப்படுவர். தொலைக்காட்சி வாய் திறவாது. குக்கரின் சீழ்க்கை கூட நான் எழுந்த பின்னரே கேட்கும். பரணுக்கு ஏறும் ஏணியில் துணி விரித்து ஓசை எழாமல் செய்திருந்தவள் இந்தத் தங்கைதான். என் உடம்புக்கு இரவுப் பணி ஒத்துக்கொண்டது என்றால், மூன்று பெண்கள் அதை ஒத்துக்கொள்ளச் செய்தார்கள் என்பதே பொருள். அம்மா மாட்டுங்காவில் கேட்ட கேள்வியும் அப்போதுதான் எனக்கு விளங்கிற்று.

இப்போது அவள் இரவு முறை வாரங்களில் குடங்கள் என் பொறுப்பு. சோறு வடிக்கவும் கற்றுக்கொண்டேன். முதல் வாரம் இருமுறை அடிபிடித்தது. அந்த நாற்றத்தைச் சால் முழுதும் அறியும்! அம்மா இன்னும் முழுமனத்துடன் இசையவில்லை. ஆயினும் நண்பகலில் யாராவது உரக்கப் பேசினால், “பிள்ளை உறங்குது” என்று அதட்டுகிறவரும் அவரே.

சென்ற திங்கள் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து ஒரு வரன் வந்தது. நல்ல குடும்பம், பையனும் இங்கேயே முலுண்டில் வேலை பார்க்கிறான். சாதகம் பொருந்திற்று. ஒரே ஒரு நிபந்தனை: மணம் முடிந்ததும் பெண் வேலையை விட்டுவிட வேண்டும். நீதிமன்றம் நிறுவனத்தின் சுவரிலிருந்து கழற்றி எறிந்த விதியை, தரகர் வெற்றிலைத் தட்டில் வைத்து நம் வீட்டுக்குள் கொண்டுவருகிறார். இதை எதிர்த்து வழக்காட எந்தச் சங்கம் உண்டு? இந்த இதழைப் படிக்கும் வீடுகளில் எத்தனை இதே நிபந்தனையைச் சொல்லியிருக்கும், எத்தனை கேட்டுத் தலையசைத்திருக்கும் என்று எண்ணிப் பார்க்கிறேன். எனக்கே பெண் பார்த்தபோது என் தாயார் அதைச் சொன்னார். நான் அருகில் அமர்ந்து பேசாதிருந்தேன். என் மனைவி அப்போது ஊரில் ஒரு பள்ளியில் வேலை பார்த்துக்கொண்டிருந்தாள்.

வரன் வீட்டாருக்கு என்ன பதில் சொல்வது என்று அம்மா என்னைக் கேட்டார். நான் தங்கையைக் கேட்டேன். தானே பையனிடம் நேரில் பேசிக்கொள்வதாகச் சொல்லிவிட்டாள். இந்த வாரம் அவளுக்கு இரவு முறை, ஞாயிறு ஓய்வு. அன்று பிற்பகல், உறங்கி எழுந்த பிறகு, போய்ப் பார்ப்பாளாம்.