நேரலையில் விற்ற ஃபிரிட்ஜ்

1941 ஜூலை 1 அன்று பிற்பகல், நியூயார்க்கின் டபிள்யூ.என்.பி.டி. நிலையம் ஒரு பேஸ்பால் ஆட்டத்தைக் காட்டத் தொடங்குவதற்குச் சற்று முன், திரையில் ஒரு கடிகார முகப்பு தோன்றியது. கூடவே புலோவா கடிகார நிறுவனத்தின் பெயர். அமெரிக்காவில் முறைப்படி அனுமதி பெற்று ஒளிபரப்பான முதல் தொலைக்காட்சி விளம்பரம் இது. செலவு வெறும் 9 டாலர். புலோவா வானொலியில் பல ஆண்டுகளாகச் சொல்லிவந்த நேர அறிவிப்போடு ஒரு படம் சேர்ந்தது, அவ்வளவுதான்.

இரண்டாம் உலகப் போர் முடிந்து வீடுதோறும் தொலைக்காட்சிப் பெட்டி நுழையத் தொடங்கியதும் விளம்பர வேலை பெருகியது. பெரும்பாலும் ஒரே நிறுவனம் ஒரு நிகழ்ச்சியின் முழுச் செலவையும் ஏற்கும். இடையில் வரும் விளம்பரமும் நாடகத்தைப் போலவே நேரலையில் நடிக்கப்படும். சி.பி.எஸ். ஒளிபரப்பிய ‘ஸ்டுடியோ ஒன்’ நாடகங்களுக்கு இடையே, 1949 முதல் நடிகை பெட்டி ஃபர்னஸ் வெஸ்டிங்ஹவுஸ் ஃபிரிட்ஜையும் அடுப்பையும் விளக்கிக் காட்டினார். பக்கக்கணக்கான வசனத்தை மனப்பாடமாகச் சொல்லிக்கொண்டே கதவைத் திறக்க வேண்டும், தட்டை இழுக்க வேண்டும், குறித்த நொடியில் முடிக்கவும் வேண்டும். அந்தக் காலத்து நாடக நடிப்புக்கு இது எந்த வகையிலும் குறைந்த கலை அல்ல. 1954இல் அவருக்குப் பதிலாக வந்த பெண் எவ்வளவு இழுத்தும் ஃபிரிட்ஜ் கதவு திறக்கவில்லை. நாடே பார்த்துக்கொண்டிருக்க, அவர் பேச்சை விடாமல் தொடர்ந்தார்.

ஸ்டுடியோ விளக்குகளின் சூடு இன்னொரு தொல்லை. ஐஸ்கிரீம் நிமிடத்தில் உருகிவிடும் என்பதால், கிண்ணத்தில் மசித்த உருளைக்கிழங்கு ஏறியது. வெள்ளை நிறம் கேமராவில் கூசும் என்று வெளிர்நீலச் சட்டை அணிந்தார்கள்.

நேரலையில் காட்ட முடியாததைப் படச்சுருள் காட்டியது. 1948இல் டெட்ராய்ட்டின் ஜாம் ஹேண்டி நிறுவனம் லக்கி ஸ்டிரைக் சிகரெட்டுகளைச் சிப்பாய்களைப் போல அணிவகுக்க வைத்தது. சிகரெட்டுகளைக் கொஞ்சம் நகர்த்தி ஒரு படம், மறுபடி நகர்த்தி இன்னொரு படம் என்று எடுப்பதுதான் முறை. நொடிக்கு 24 படம் வீதம், ஒரு நிமிட விளம்பரத்துக்கு 1,440 படங்கள் வேண்டும்.

நேரலையைப் பதிவுசெய்யத் திரையையே படமெடுக்கும் கினஸ்கோப் முறை இருந்தது. படம் மங்கலாகவே வரும். 1956இல் ஆம்பெக்ஸ் நிறுவனம் வீடியோ டேப் பதிவுக் கருவியை அறிமுகப்படுத்தியது. அதன் பிறகு, கதவு திறக்காவிட்டால் இன்னொரு முறை எடுத்துக்கொள்ளலாம் என்றானது.