குணசித்திர நடிகரின் பாதை

திரைப்படம் என்றதும் நம் நினைவில் முதலில் எழுபவர்கள் கதாநாயகனும் கதாநாயகியுமே ஆவர். ஆயினும், கதையில் வரும் ஊரை ஊராகவும் வீட்டை வீடாகவும் நாம் நம்பும்படி செய்பவர்கள் வேறு சிலர். அவர்களையே குணசித்திர நடிகர் என்கிறோம். பெருமுதலோ நிலையான கலையகமோ இல்லாத சிறு முயற்சிகளில் அத்தகைய நடிகர் எவ்வாறு உருவாகிறார்? கரவெட்டியில் 1944ஆம் ஆண்டு பிறந்த கே. எஸ். பாலச்சந்திரனின் கலைவாழ்வு இதற்குத் தக்க விடையளிக்கின்றது.

இலங்கையில் தமிழ்ப் படத் தயாரிப்பு 1960களின் தொடக்கத்தில், 'சமுதாயம்', 'தோட்டக்காரி' ஆகியவற்றோடு ஆரம்பமாயிற்று. தென்னிந்தியப் படங்களே திரையரங்குகளை நிறைத்திருந்த காலம் அது. ஈழத்துப் படமொன்று வெளிவந்தால், அடுத்தது எப்போது வரும் என்று எவராலும் கூற இயலாது. எனவே, நடிப்பை மட்டுமே நம்பிக் குடும்பம் நடத்துதல் இயலாத காரியம். பகலில் உத்தியோகம், மாலையில் ஒத்திகை என்பதே பெரும்பாலான கலைஞரின் நாளொழுங்கு.

அவ்வாறாயின் பயிற்சி எங்கே கிடைத்தது? வானொலி நிலையமும் நாடக மேடையுமே பயிற்சிக் களங்களாயின. சில்லையூர் செல்வராசன் எழுதிய 'தணியாத தாகம்' என்னும் வானொலித் தொடர் நாடகத்தில் பாலச்சந்திரன் நடித்தார். ஒலிவாங்கியின் முன் முகபாவமோ ஒப்பனையோ உதவா. ஒரு மனிதனின் வயதையும் வருத்தத்தையும் குரல் ஒன்றே காட்டவேண்டும். மேடையிலோ, அவருடைய 'அண்ணை றைட்' என்னும் தனிநடிப்பில், பஸ் நடத்துநரும் பிரயாணிகளும் ஒரே உடலில் தோன்றி மறைந்தனர். பேச்சுவழக்கை நுணுகிக் கேட்ட செவிக்கே அது கைகூடும்.

செங்கை ஆழியானின் நாவலைத் தழுவி, பிரேம்நாத் மொறாயஸ் இயக்கிய 'வாடைக்காற்று' 1978இல் திரைக்கு வந்தது. நெடுந்தீவுக் கடற்கரையைக் களமாகக் கொண்ட அப்படத்தில் பாலச்சந்திரன் பொன்னுக்கோன் என்னும் பாத்திரத்தை ஏற்றார். மேடையில் கடைசி வரிசைவரை எட்டவேண்டிய அசைவு, படக்கருவியின் முன் மிகையாகிவிடும். கற்றதில் எதை வெளியிடுவது, எதை அடக்குவது என்று அறிவதே திரைநடிப்பின் அடுத்த படி. 'அவள் ஒரு ஜீவநதி', 'நாடு போற்ற வாழ்க' ஆகிய படங்களிலும் அவர் தோன்றினார்.

இத்தகைய உழைப்புக்கு நேர்ந்த பெரிய ஆபத்து வருவாயின்மை மட்டுமன்று, மறதியுமாகும். 1983 ஜூலை வன்செயலில் ஹெந்தளை விஜயா கலையகம் தீக்கிரையாயிற்று. படச்சுருள் அழிந்தால், ஒரு கதை மட்டும் அழிவதில்லை. அக்கால மனிதர் நடந்த நடையும் பேசிய பேச்சும் உடன் அழிகின்றன. கதாநாயகனின் புகைப்படமாவது எங்கேனும் எஞ்சும். துணைப் பாத்திரத்தின் உயிரோ படத்திலன்றி வேறெங்கும் இல்லை.

பின்னர் கனடாவில் குடியேறிய பாலச்சந்திரன், அங்கும் தமிழ்த் திரைப்படங்களிலும் தொலைக்காட்சியிலும் பங்குகொண்டார். தம் கலையுலக நினைவுகளை 'நேற்றுப் போல இருக்கிறது' என்ற நூலாகவும் தந்து, 2014இல் மறைந்தார். நாடு மாறியபோதும் அவருடைய பாத்திரங்கள் யாழ்ப்பாணப் பேச்சைக் கைவிடவில்லை. புலம்பெயர்ந்த மண்ணில் பிறந்த பிள்ளைகளுக்குப் பாட்டனாரின் தமிழைக் காதால் கேட்கும் வாய்ப்பு அதனால் கிட்டியது.

வெள்ளவத்தையிலோ கொட்டாஞ்சேனையிலோ ஒரு மாணவன் நடிகனாக விரும்புவதாகக் கூறினால், பெற்றோர் கலங்குவது இயல்பே. அவர்களுடைய அச்சம் காரணமற்றதன்று. ஆதலால், சீவனத்துக்கு ஒரு தொழிலைக் கற்கும்படி அவனுக்குச் சொல்லுவோம். ஆனால் ஒத்திகைக்குப் போகும் வழியை அடைக்காதிருப்போம். நம் ஊர்ப் படமொன்று வரும்போது நுழைவுச்சீட்டு வாங்கிப் பார்ப்பதும், இறுதியில் ஓடும் பெயர்ப்பட்டியலை இருந்து வாசிப்பதும் நாம் செய்யக்கூடிய கைம்மாறாகும்.